படிக்கக் கேட்டேன், சரி

கொலை, கொள்ளை, ஆள்கடத்தல் பற்றிப் பேசியே மாதச் சம்பளம் வாங்கும் தொழில் ஒன்று உண்டு. அதன் பெயர் குற்றவியல் சட்டப் பேராசிரியர். முப்பது வருடத்துக்கு மேல் அதைத்தான் செய்தேன். வீடு ராஜபாளையத்தில், கல்லூரி மதுரையில், வழியில் ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட். முழுநேர ஆசிரியர் கோர்ட்டில் வாதாடக் கூடாது என்பது விதி. அதனால் சட்டம் முழுவதும் தெரிந்தும், கோர்ட்டுக்குள் போனால் பின்பெஞ்சில் வாயைப் பொத்திக்கொண்டு உட்கார வேண்டியவள் நான். வாயைப் பொத்துவது எனக்கு வராத வித்தை. ஆகவே சீர்திருத்தத்தில் இறங்கினேன்.

மேடைகளில் என்னை "சட்டச் சீர்திருத்தவாதி" என்று அறிமுகப்படுத்துவார்கள். ஏதோ சட்டப் புத்தகத்தையே திருப்பிப் போட்டவள் மாதிரி இருக்கும். நான் கேட்டது ஒரே ஒரு காரியம். போலீஸ் ஸ்டேஷனில் ஒருவர் வாயால் சொல்லும் புகாரை எழுதி முடித்ததும், அவருக்கு அதை வாசித்துக் காட்டிவிட்டுக் கையெழுத்து வாங்குங்கள் என்றேன். வேறொன்றும் இல்லை.

இதில் என்ன இருக்கிறது என்று நினைப்பீர்கள். பேங்கில், பத்திர ஆபீஸில், ஆஸ்பத்திரியில் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு "இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு, பின்னால ஒண்ணு" என்று சொன்ன இடத்திலெல்லாம் கையெழுத்துப் போட்டவர்தானே நீங்களும்? வாங்க, உட்காருங்க. நாம் ஒரே கட்சி.

வால் நீண்ட ழ

வேலைக்குச் சேர்ந்த புதிதில் மாணவர்களைக் கூட்டிக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கோர்ட்டுக்குப் போனேன். சாட்சிக் கூண்டில் மாரியம்மாள் என்று ஒரு பெண். ராஜபாளையம் பக்கம் பேண்டேஜ் துணி நெய்கிற தறிக்கூடத்தில் வேலை. கூலி கூட்டிக் கேட்டதற்காக முதலாளியின் மைத்துனன் இரும்புக் கம்பியால் அடித்ததில் இடது மணிக்கட்டு முறிந்திருந்தது. எதிர்த்தரப்பு வக்கீல் அவளிடம் புகாரை நீட்டினார். "கையெழுத்து உன்னுதுதானே?" என்றார். ஆமாம் என்றாள். "இதுல கையால அடிச்சார்னுதான் இருக்கு. இன்னைக்குக் கம்பிங்கிற. எது பொய்?" மாரியம்மாள் கம்பி, கம்பி என்று நாலைந்து தடவை சொன்னாள். ஆஸ்பத்திரிச் சீட்டில்கூடக் கம்பி என்றுதான் இருந்தது. ஆனால் புகாரில் இல்லை. இரண்டு காகிதமும் முரண்பட்டால் சந்தேகத்தின் பலன் எதிரிக்குப் போகும். போயிற்று. அவன் விடுதலையாகி வெளியே வந்து பன்னீர் சோடா குடித்தான்.

மாணவர்களுக்குக் காட்டலாம் என்று கோர்ட் கிளார்க்கிடம் கேட்டு அந்தப் புகாரைப் பார்த்தேன். முதல் வரியிலேயே எனக்கு வியர்த்துவிட்டது. 'ழ' ஒவ்வொன்றுக்கும் பல்லி மாதிரி நீண்ட வால். அந்த வாலை எனக்கு மூன்று வயதிலிருந்து தெரியும். என் அப்பா போலீஸ் ஏட்டு, ஸ்டேஷனில் ரைட்டர், அதாவது புகாரை எல்லாம் எழுதுகிறவர். என் பள்ளிக்கூட லீவு லெட்டரையே "மேற்படி மாணவி நேற்று மாலை சுமார் ஆறு மணியளவில் காய்ச்சலால் தாக்கப்பட்டு" என்று எழுதிக்கொடுத்த மனிதர். அந்தப் புகாரின் அடியில், அதே கையெழுத்தில், வாசித்துக் காட்டியாகிவிட்டது என்பதற்கான வழக்கமான வரி: "படிக்கக் கேட்டேன், சரி." அதற்குக் கீழே மாரியம்மாளின் பெயர், கோணல்மாணலாக.

கோர்ட் வாசலில் அவள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருந்தாள். எழுதியது என் அப்பா என்று அவளிடம் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. வெட்கமாக இருந்தது. வாசித்துக் காட்டினார்களா என்று மட்டும் கேட்டேன். மாரியம்மாள் சொன்னாள்: "நான் சொன்னதை அவிய எழுதல, எழுதுனதை எங்கிட்ட வாசிக்கல. அந்தத் தாள்ல கையெழுத்து மட்டுந்தாம்மா என்னுது."

கம்பி எங்கே?

அன்று சாயங்காலம் அப்பா தோசை சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே ஆரம்பித்தேன். தறிக்கூடத்து மாரியம்மாள் கேஸ் விடுதலையாகிவிட்டது, அவள் கம்பி என்று சொன்னாளா இல்லையா என்றேன். அப்பா பொய் சொல்லவில்லை. "சொன்னா. அழுதுக்கிட்டே சொன்னா" என்றார். பிறகு ஏன் எழுதவில்லை? லஞ்சம், சிபாரிசு என்று ஏதாவது வரும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். வந்தது வேறு. "கம்பின்னு எழுதுனா கம்பி எங்கன்னு கோர்ட்டு கேக்கும். போய்த் தேடுனோம், கிடைக்கல. கம்பி இல்லாம கம்பி கேஸ் போட்டா முதல் நாளே படுத்துரும். கையின்னு எழுதுனா கேஸ் நிக்கும். அவளுக்கு நல்லதுன்னுதான் எழுதுனேன்."

இதுதான் எனக்குத் தாங்க முடியாமல் போயிற்று. கெட்டவனோடு சண்டை போடலாம். நல்லது செய்கிறேன் என்று அடுத்தவள் வாயிலிருந்த வார்த்தையை உருவி எறிகிறவரோடு என்ன செய்வது? முறிந்தது அவள் கை, அதை எதனால் முறித்தார்கள் என்று முடிவு செய்தது இவர் பேனா. "சரி, எழுதுனீங்க. கையெழுத்து வாங்குறதுக்கு முன்னால வாசிச்சாவது காட்டுனீங்களா? காட்டியிருந்தா அவ அங்கயே கம்பின்னு கத்தியிருப்பாள்ல?" என்றேன். சட்டப் புத்தகத்தைக் கொண்டுவந்து தோசைத் தட்டுக்குப் பக்கத்தில் விரித்து வைத்தேன். வாசித்துக் காட்ட வேண்டும், நகல் ஒன்றை இலவசமாகக் கொடுக்க வேண்டும் என்று அச்சாகியிருந்தது.

அப்பா புத்தகத்தைப் பார்க்கவே இல்லை. சட்னியைத் தொட்டுக்கொண்டு சொன்னார்: "ஏட்டி, ஒவ்வொருத்தருக்கா வாசிச்சுக்கிட்டு இருந்தா, பொறவு ஸ்டேஷனை யாரு பாக்குறது?"

ஒரு வகுப்பு முழுவதும் குற்றவாளிகள்

ஒரு மாதம் நானும் அப்பாவும் பேசிக்கொள்ளவில்லை. தேவையான தகவல்களைத் துண்டுச் சீட்டில் எழுதி வைத்துவிடுவார். "மேற்படி சாம்பாரில் உப்பு இல்லை என்பது தெரியவருகிறது." அந்தக் கோபத்தை எங்கேயாவது காட்ட வேண்டுமே, வகுப்பில் காட்டினேன்.

ஒவ்வொரு வருடமும் முதல் நாள், முதல் வகுப்பில் ஒரு தாளைச் சுற்றுக்கு விடுவேன். மேலே தேதி, வகுப்பு. நடுவில் நாலு வரி பொடி எழுத்தில். கீழே கையெழுத்துக்கான கட்டங்கள். வருகைப் பதிவு என்று நினைத்து எல்லோரும் போட்டுவிடுவார்கள். தாள் திரும்பி வந்ததும் அந்த நாலு வரியை உரக்க வாசிப்பேன்: "கீழே கையெழுத்திட்டுள்ள நாங்கள் நேற்று மாலை கல்லூரி கேன்டீனில் புகுந்து வடைகளைத் திருடித் தின்றோம். குற்றத்தை ஒப்புக்கொள்கிறோம். படிக்கக் கேட்டோம், சரி." வகுப்பு கொல்லென்று சிரிக்கும். நான் சிரிக்க மாட்டேன். அந்தத் தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, வருடம் முடியும்வரை திருப்பித் தர மாட்டேன்.

வருங்கால வக்கீல்கள், மாஜிஸ்திரேட்டுகள், அரசு வழக்கறிஞர்கள் எல்லோரும் வடை திருடர்கள்தான், தப்பியவர்கள் மிகச் சிலர். ஆலங்குளத்திலிருந்து வந்த ஒரு பெண் மட்டும் தாளை முழுவதும் படித்துவிட்டு, கட்டத்தில் "நான் வடை சாப்பிடுவதில்லை" என்று எழுதியிருந்தாள். அவளை எழுப்பி நிறுத்தி, வகுப்பைக் கைதட்டச் சொன்னேன். பக்கத்தில் இருந்த பையனை ஏன் படிக்காமல் போட்டாய் என்று கேட்டேன். ரொம்ப யோசித்து, மரியாதையாகச் சொன்னான்: "முன்னால நாப்பது பேரு போட்டிருந்தாங்க மேடம். அம்புட்டுப் பேருமா தப்பாப் போடுவாங்கன்னு நானும் போட்டுட்டேன்."

நோட்டீஸ்

அப்பா ரிடையர் ஆன வருடம், அவருக்குக் கிடைத்த சால்வைகளை மடித்து வைத்த கையோடு நான் ஒரு நோட்டீஸ் அடித்தேன். "போலீஸ் ஸ்டேஷனில் புகாரில் கையெழுத்துப் போடும் முன் வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். நகல் கேளுங்கள். இது உங்கள் உரிமை." ராஜபாளையத்தில் மில் வாசல்களில், ஸ்ரீவில்லிபுத்தூரில் பஸ் ஸ்டாண்டு டீக்கடைகளில், மடவார் வளாகம் கோயிலுக்குப் போகிற வழியில் என்று நானே பசை வாளியோடு போய் ஒட்டினேன். "புரொபசரம்மா சினிமா போஸ்டர் ஒட்டுது" என்று சிரித்தார்கள். சிரிக்கட்டும். சிரிக்கிறவனும் நின்று வாசித்துவிட்டுத்தானே சிரிக்கிறான்.

ஒரு வாரத்தில் எங்கள் பக்கத்து இன்ஸ்பெக்டர் ஒருவர் ஆள் அனுப்பினார். போனேன். நாற்காலி போட்டு, காபி வரவழைத்து, நோட்டீஸை மேஜைமேல் விரித்து வைத்தார். இதில் என்ன தப்பு என்றேன். ஒரு தப்பும் இல்லை என்றார். பிறகு ஏன் கூப்பிட்டீர்கள் என்றேன். நிஜமாகவே வருத்தத்தோடுதான் சொன்னார்: "சட்டத்துல இல்லாததைக் கேட்டா, இல்லைன்னு சொல்லி அனுப்பிரலாம்மா. இருக்கிறதைக் கேட்டா நாங்க என்ன செய்யிறது?"

நோட்டீஸைக் கிழிக்கச் சொல்ல அவருக்கு வழியில்லை, கிழிக்க எனக்கு மனமில்லை. மறுவாரம் அவர் ஸ்டேஷனுக்கு எதிரே இருந்த ஜெராக்ஸ் கடைச் சுவரில் இன்னொன்று ஒட்டினேன். கடைக்காரர் தடுக்கவில்லை. பசை காயும்வரை கூட நின்றுவிட்டுச் சொன்னார்: "நகல் கேக்கணும்னு இருக்குல்லா? நல்லா பெரிசா ஒட்டுங்கம்மா, நமக்கும் யாவாரம் ஆகும்."

பால்கோவா

இதைச் சொல்லாமல் விட்டுவிடலாம் என்று இரண்டு நாள் யோசித்தேன். சொல்லிவிடுகிறேன். நீங்களும் நானும் ஒரே கட்சி என்று முதலிலேயே சொன்னதற்குக் காரணம் இதுதான்.

சென்னையில் சட்டச் சீர்திருத்தத்துக்கு ஆலோசனை சொல்ல ஒரு குழு போட்டார்கள். என்னையும் உறுப்பினராக்கினார்கள். என்னுடைய ஆலோசனை இரண்டு வரி. வாசித்துக் காட்டுவதை வேறொரு சாட்சி முன்னிலையில் செய்ய வேண்டும், செய்யாவிட்டால் எழுதியவர் பதில் சொல்ல வேண்டும். "இது ஏற்கெனவே சட்டத்தில் இருக்கிறதே" என்றார்கள். இருக்கிறது, நடக்கவில்லை, அதனால்தான் கேட்கிறேன் என்றேன். மூன்று கூட்டம் இதே பேச்சு. மூன்றாவது கூட்டத்துக்கு நான் ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா வாங்கிக்கொண்டு போயிருந்தேன். நம் ஊர் ஆட்களுக்கு இது ஒரு வியாதி. சென்னைக்கு எந்தக் காரியமாகப் போனாலும், சண்டைக்கே போனாலும், கையில் பால்கோவா டப்பா இல்லாமல் போக மாட்டோம். டப்பாவைத் திறந்து ஒவ்வொருவருக்கும் கரண்டியால் வைத்துக்கொண்டிருந்தேன். ஒரு அலுவலர் ஃபைலோடு வந்தார். "போன கூட்டத்துக் குறிப்பு மேடம், இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு" என்றார். பென்சில் பெருக்கல் குறி போட்டிருந்தது. வலது கையில் கரண்டி. அதை இடது கைக்கு மாற்றிக்கொண்டு இரண்டு இடத்திலும் போட்டேன்.

ஒரு மாதம் கழித்து நகல் தபாலில் வந்தது. "மேற்படி ஆலோசனை ஏற்கெனவே நடைமுறையில் இருப்பதால் பேராசிரியர் அவர்கள் தாமாக முன்வந்து அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டார்." கீழே என் கையெழுத்து, ஓரத்தில் நெய்க்கறை. ஒரு வகுப்பு பாக்கியில்லாமல் வடை திருடர்கள் என்று கேலி செய்தவள் நான். உடனே போன் போட்டுக் கத்தினேன். நான் அப்படிச் சொல்லவே இல்லை, யார் எழுதியது என்றேன். அந்த அலுவலர் கடைசிவரை பொறுமையாகக் கேட்டார். பிறகு, பல வருடத்துக்கு முன் ஸ்ரீவில்லிபுத்தூரில் கூண்டில் நின்ற ஒருத்தியிடம் கேட்ட அதே கேள்வியைக் கேட்டார்: "கையெழுத்து உங்களுதுதானே மேடம்?"

கஞ்சி

அடங்கிவிட்டேன் என்று நினைக்க வேண்டாம். "நான் திரும்பப் பெற்றதாகச் சொல்லப்படுவதைத் திரும்பப் பெறுகிறேன்" என்று பதிவுத் தபால் அனுப்பினேன். கோப்பில் சேர்க்கப்பட்டது என்று பதில் வந்தது. அதற்கும் பதில் எழுதினேன். குழு கலைந்த பிறகும் எழுதினேன். அந்த அறையில் இப்போது வேறு யார் உட்கார்ந்திருந்தாலும், என் தபால் அவர்களுக்குப் போய்க்கொண்டுதான் இருக்கும்.

இதற்கிடையில் என் மாணவர்களிலேயே கெட்டிக்காரன் ஒருவன் ஸ்ரீவில்லிபுத்தூரில் பெரிய கிரிமினல் வக்கீல் ஆகிவிட்டான். கோர்ட்டில் அவன் கேட்கும் கேள்வி அநேகமாக ஒன்றுதான்: "நீ இப்ப சொல்றது புகார்ல இருக்கா?" இருக்காது. விடுதலை. ஒரு நாள் பின்பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தேன். பெருமையும் வயிற்றெரிச்சலும் சேர்ந்து வந்தன. ஏனென்றால் அவன் ஜெயிக்கும் கேஸில் எங்கோ ஒரு மாரியம்மாள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்திருப்பாள். அவனைச் சொல்லிக் குற்றமில்லை, அது அவன் தொழில், சொல்லிக்கொடுத்தது நான். வெளியே வந்ததும் என் காலைத் தொட்டுக் கும்பிட்டான். என் நோட்டீஸைப் பற்றிப் பேச்சு வந்தது. பயபக்தியோடு சொன்னான்: "மேடம், எல்லா ஸ்டேஷன்லயும் வாசிச்சுக் காட்ட ஆரம்பிச்சுட்டா, எனக்குக் கஞ்சி ஊத்துறது யாரு?"

ஸ்பேனர்

நான் ரிடையர் ஆனேன். சட்டங்களின் பெயர் மாறியது, பிரிவு எண்கள் எல்லாம் மாறின. முப்பது வருடமாக மனப்பாடமாக இருந்த எண்கள் ஒரே நாளில் செல்லாக்காசு. புதுப் புத்தகம் வாங்கிப் பதற்றத்தோடு அந்த வரியைத் தேடினேன். இருந்தது. வாசித்துக் காட்ட வேண்டும், நகல் இலவசம். எண் மட்டும் வேறு. இனி வாதாடலாம் என்று கறுப்புக் கோட்டை எடுத்து மாட்டினேன். அறுபது தாண்டிய ஜூனியரைப் பார்த்து பார் ரூமில் நாற்காலியை இழுத்துப் போடுவதா, டீ வாங்கிவரச் சொல்வதா என்று தெரியாமல் தவித்தார்கள்.

ஒரு நாள் காலையில் மாரியம்மாள் வாசலில் வந்து நின்றாள். முடி நரைத்து, இடது மணிக்கட்டு கோணலாகவே கூடி, அந்தக் கையை முந்தானைக்குள் வைத்திருந்தாள். கூடவே மகள் கனி, நெற்றியில் மூன்று தையல். மில்லில் ஓவர்டைம் மாட்டேன் என்றதற்கு சூப்பர்வைசர் ஸ்பேனரால் அடித்திருக்கிறான். "நோட்டீஸ் ஒட்டுன அம்மா நீங்கதானே? கூட வாங்க" என்றாள். போனேன். எந்த ஸ்டேஷன் என்று சொல்லப்போவதில்லை. ரைட்டராக ஒரு சின்னப் பெண், நல்ல மாதிரி. கனியை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, கம்ப்யூட்டரில் வேகமாக அடித்தாள். பிரிண்ட் எடுத்து நீட்டி, "இங்க ஒண்ணு போடுங்க" என்றாள். கனி பேனாவை வாங்கிவிட்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் அந்தக் கோணல் கை முந்தானைக்குள்ளிருந்து வெளியே வந்து தாளின்மேல் விழுந்தது. "வாசிங்க தாயி. வாசிச்ச பொறவுதான் போடுவா." ரைட்டர், எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது என்றாள். "சரியா இருந்தா வாசிக்கிறதுக்கு என்ன?" என்றாள் மாரியம்மாள். வேறு வழியில்லாமல் அந்தப் பெண், அர்ச்சகர் நூறு தட்டுக்கு அர்ச்சனை செய்கிற வேகத்தில் வாசித்தாள். "மேற்படி நபர் என்னைக் கையால் தாக்கி" என்று வந்த இடத்தில் மாரியம்மாள், "நிறுத்துங்க" என்றாள்.

அப்பா எழுதிய அதே வார்த்தை. அதே கை. கம்ப்யூட்டர் வந்து, சட்டத்தின் பெயர் மாறி, ரைட்டர் மாறி, அதே கை! ரைட்டர் தயங்கித் தயங்கி, "ஸ்பேனரை இன்னும் எடுக்கல பாட்டி. கையின்னு போட்டா கேஸ் நல்லா நிக்கும், உங்களுக்கு நல்லதுதான்" என்றாள். அப்பா தோசை தின்றுகொண்டே சொன்ன அதே வார்த்தைகள். நான் கோட்டை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்து, புதுப் பிரிவு எண்ணோடு ஆரம்பித்தேன். முப்பது வருடம் பொத்திவைத்த வாய், இதற்காகவே காத்திருந்தது. இரண்டு வாக்கியம்கூட முடிக்கவில்லை. மாரியம்மாள் என் பக்கம் திரும்பி, "செத்த நேரம் சும்மா இருங்கம்மா" என்றாள். சும்மா இருந்தேன். அவள் ரைட்டரைப் பார்த்துச் சொன்னாள்: "ஸ்பேனர் கிடைக்குதா இல்லையாங்கிறது உங்க பாடு. அடிச்சது ஸ்பேனர்தாங்கிறது எங்க பாடு. எங்க பாட்டை எழுதுங்க."

ஏட்டையா வாசித்தது

ரைட்டர் திருத்தி அடித்தாள். மறுபடி வாசித்தாள், இந்த முறை நிதானமாக. கனி கையெழுத்துப் போட்டாள். நகல் ஒன்று வாங்கிக்கொண்டு மூவரும் எங்கள் வீட்டுக்கு வந்தோம். அங்கே எண்பத்தாறு வயதில் என் அப்பா ஹாலில் பூதக்கண்ணாடியோடு பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அவர் யார் என்று அத்தனை வருடம் நான் மாரியம்மாளிடம் சொல்லவே இல்லையே.

அப்பா மாரியம்மாளின் கோணல் மணிக்கட்டையும் கனி கையிலிருந்த தாளையும் பார்த்துவிட்டுக் கையை நீட்டினார். கனி நகலைக் கொடுத்தாள். மேலோட்டமாக ஒரு பார்வை பார்த்துவிட்டு, ஸ்பேனர் கைப்பற்றியாகிவிட்டதா என்று என்னைக் கேட்டார். இன்னும் இல்லை என்றேன். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, பூதக்கண்ணாடியை வரிவரியாக நகர்த்தி, உரக்க வாசிக்க ஆரம்பித்தார். பெயர், தகப்பனார் பெயர், மில், நேரம், ஸ்பேனர், நெற்றி, ரத்தம். ஒரு வார்த்தை விடவில்லை. சர்வீஸில் ஒரு புகாரைக்கூட வாசித்துக் காட்டாத மனிதர், இதை முழுதாகப் பத்து நிமிடம் வாசித்தார். "படிக்கக் கேட்டேன், சரி" என்ற கடைசி வரி வந்ததும் அங்கேயே நின்று, தாளிலிருந்து கண்ணை எடுத்து மாரியம்மாளைப் பார்த்தார். மன்னிப்பு என்ற சொல் அவருக்கு வராது. "கம்பி கிடைக்காட்டாலும் எழுதியிருக்கணும்" என்று மட்டும் முணுமுணுத்தார். எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது, மறைக்கவில்லை.

மாரியம்மாளுக்கு வரவில்லை. அவருடைய சாடை என் முகத்தில் இருப்பதை அன்று வேப்பமரத்தடியிலேயே பார்த்துவிட்டாளாம், அப்புறம்தான் சொன்னாள். நகலை அவர் கையிலிருந்து வாங்கி நாலாக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு, நேருக்கு நேர் பார்த்துச் சொன்னாள்: "இது சரி, ஏட்டையா. அன்னைக்கு எழுதுனது சரியில்ல."

முப்பது வருடம், ஒரு கமிட்டி, பல வாளி பசை, நாலு கிலோ பால்கோவா செலவழித்து நான் சாதித்த சட்டச் சீர்திருத்தம் என்னவென்றால், எல்லாப் புகாரின் அடியிலும் எழுதியிருக்கும் ஒரு பொய் ஒரு ஸ்டேஷனில் ஒரே ஒரு காலை உண்மையாக இருந்தது, அதையும் செய்தவள் என்னைச் சும்மா இருக்கச் சொல்லிவிட்டுத்தான் செய்தாள்.